கோரிமேடு ஏறிய சிங்க வண்டி

குருசுக்குப்பத்தில் மதலேன் என்று கேட்டால் யாருக்கும் சட்டென்று தெரியாது. வண்டிக்கார மதாம் என்று கேட்டால் போதும், வலையைத் தைத்துக்கொண்டிருப்பவர் தலையை நிமிர்த்தாமலே கையை நீட்டி வீட்டைக் காட்டிவிடுவார். இரண்டாயிரத்து ஆறில் அப்படித்தான் இருந்தது. அறுபத்து நாலு வயது, பருத்திப் புடவை, கறுப்புக் கண்ணாடி, ஸ்டியரிங் எட்டுவதற்காக முதுகுக்குப் பின்னால் ஒரு தலையணை. எதிரே வருகிறவனுக்கு முதலில் தெரிவது கண்ணாடியும் கொண்டையும்தான். ஆள் ஓட்டுகிறதா, தலையணை ஓட்டுகிறதா என்று பையன்கள் கேலி செய்வார்கள். அவள் ஹாரன் அடித்தால் முதலில் ஒதுங்குவதும் அதே பையன்கள்தான்.

வண்டி, மூக்கில் சிங்கம் நிற்கிற வெள்ளைக் கார். பெயர் பிரெஞ்சுக்காரனுடையது, செய்தது இந்த நாட்டிலேயே. அவள் புருஷன் ஜூஸ்தின் தொண்ணூற்று ஆறில் மதராசுக்குப் போய் வாங்கி வந்தார். ஜூஸ்தின் பிரெஞ்சுப் படையில் சொல்தாவாக, அதாவது சிப்பாயாக, இருந்து பென்ஷன் வாங்கியவர். ஆப்பிரிக்க வெயிலையும் பிரான்சுக் குளிரையும் மாறி மாறித் தின்றவர். அவருடைய படை அதிகாரி, கப்பித்தேன், சிங்க வண்டிதான் வைத்திருந்தாராம். அந்த வண்டிக்குக் கதவு திறந்துவிட்டே பாதி ஆயுசு போயிற்று, நமக்கென்று ஒரு சிங்கம் வாங்காமல் சாகமாட்டேன் என்று சொல்லிக்கொண்டிருந்தார். அந்தக் கம்பெனி இந்தியாவில் கடை போட்டதும் முதல் ஆளாய்ப் போய் நின்றுவிட்டார்.

வாங்கிய மனிதருக்கு ஓட்ட வரவில்லை என்பதுதான் வேடிக்கை. பிரான்சில் ஸ்டியரிங் இடப்பக்கம், பக்கத்தில் உட்காருகிறவருக்கு வலப்பக்கம். நம் ஊரில் எல்லாம் நேர்மாறு. மூன்று நாள் பழகினார். மூன்று நாளும் சாலையின் வலது ஓரத்திலேயே போனார். எதிரே வந்த டவுன் பஸ்காரன் இறங்கி வந்து கும்பிட்டான். அன்றைக்குச் சாவியை மதலேன் கையில் கொடுத்து, "இந்த ஊர்ல எல்லாம் தலைகீழா இருக்குது. நீயே ஓட்டிக்க" என்று சொல்லிவிட்டார். ஐம்பத்து நாலு வயதில் புடவையைச் செருகிக்கொண்டு டிரைவிங் ஸ்கூலுக்குப் போனாள் மதலேன். ஊரே வாசலில் நின்று பார்த்தது.

பழக்கம் மட்டும் ஜூஸ்தினை விடவில்லை. எங்காவது கிளம்பினால் நேராக வலப்பக்கக் கதவுக்குப் போவார், திறப்பார், ஸ்டியரிங்கைப் பார்ப்பார். "தியேன்!" என்று தலையைச் சொறிவார். பிரெஞ்சில் 'அட' என்று அர்த்தம். பிறகு வண்டியைச் சுற்றிக்கொண்டு இடப்பக்கம் வருவார். ஐந்து வருஷமும் இதே கூத்துதான். உட்கார்ந்தபின் அவர் காலும் சும்மா இருக்காது. யாராவது குறுக்கே வந்தால் இல்லாத பிரேக்கை அழுத்துவார். அழுத்தி அழுத்திக் கால்மிதியில் ஒரு குழியே விழுந்துவிட்டது. மேடு வந்தால் டாஷ்போர்டைத் தட்டி, "அலே! அலே!" என்று கத்துவார். போ, போ என்று மாட்டை ஓட்டுகிறாற்போல.

அவருக்கு வண்டியில் இன்னொரு பெருமை, அடியில் இருந்த புகை டப்பா. கன்வெர்ட்டர் என்று பெயர். எஞ்சினிலிருந்து வருகிற நச்சுப் புகையை வாங்கிச் சுத்தம் செய்து வெளியே விடும். அப்போது புதுச்சேரியில் பாதி வண்டிக்கு அது கிடையாது. பக்கத்து வீட்டுக்காரரைக் குனிய வைத்து அந்த டப்பாவைக் காட்டுவார். "நம்ம வண்டி போனா பின்னால நிக்கிறவன் மூக்கப் பொத்தவேணாம். அடுத்தவன் மூச்சுல கை வைக்காத வண்டி" என்பார்.

இரண்டாயிரத்து ஒன்றில் ஜூஸ்தின் போய்ச் சேர்ந்தார். அதற்குப் பிறகு அந்த முன்சீட்டில் மதலேன் யாரையும் உட்கார விடவில்லை. தன் கைப்பையைக்கூட வைக்கமாட்டாள். குப்பத்தில் யாருக்குக் காய்ச்சல், யாருக்குப் பிரசவம் என்றாலும் வண்டி வாசலில் வந்து நிற்கும், ஆனால் ஏறுகிறவர்கள் பின்சீட்டில்தான் ஏறவேண்டும். மீன் விற்கிற அன்னக்கிளி, மதலேனின் சிநேகிதி, "முன்னால காலியாத்தான கெடக்குது, நாங்க நாலு பேரு பின்னால நெரிஞ்சிக்கிட்டுச் சாவணுமா?" என்று ஒருநாள் கேட்டே விட்டாள். மதலேன் கண்ணாடியைக் கழற்றி அவளைப் பார்த்தாள். அன்னக்கிளி கூடையைத் தூக்கிக்கொண்டு பின்னால் ஏறினாள். ஞாயிற்றுக்கிழமை பூசை முடிந்து, உப்பளம் கல்லறையில் ஜூஸ்தினிடம் வாரத்துச் சேதியெல்லாம் சொல்லிவிட்டு, பீச் ரோட்டில் ஒரு சுற்றுச் சுற்றி வீட்டுக்கு வருவாள். அந்தச் சுற்று அவர் இருந்தபோது ஆரம்பித்தது. நல்ல நாட்கள் அவை.

ஒரே பிள்ளை ஆலேன் பாரிசுக்குப் பக்கத்தில் தபால் இலாகாவில் வேலை பார்த்தான். இருபது வயதில் போனவன். இரண்டு வருஷத்துக்கு ஒருமுறை பெண்டாட்டி பிள்ளைகளோடு ஆகஸ்ட்டில் வருவான். சனிக்கிழமை தோறும் போன் செய்வான், ஒரே பாட்டுத்தான். "தனியா விழுந்து கெடந்தா யாரு பாப்பாங்க? கெளம்பி வந்துரு மம்மா." மதலேனுக்குப் பிரான்சு தெரியாத ஊர் இல்லை. புருஷனோடு பத்து வருஷம் குடித்தனம் நடத்திய இடம். அவள் பயந்தது ஊருக்கு அல்ல, ஜன்னலுக்கு. பிள்ளை வேலைக்குப் போய், மருமகள் வேலைக்குப் போய், பேரப்பிள்ளைகள் பள்ளிக்கூடம் போய்விட்டால், நாலாவது மாடி ஜன்னலில் பார்சல் மாதிரி உட்கார்ந்திருக்கவேண்டும். இங்கே சாவியை எடுத்தால் அவள் ராணி.

போன வருஷம் ஒரு சனிக்கிழமை தாங்கமுடியாமல், "வண்டி ஓடுற வரைக்கும் நான் இங்கதான்டா. அது நின்னுபோனா வந்துர்றேன், பப்பா மேல சத்தியம்" என்று சொல்லிவிட்டாள். வாய் கொடுத்து மாட்டிக்கொள்வது என்பது இதுதான். ஆலேன் அதைக் கெட்டியாகப் பிடித்துக்கொண்டான். அதிலிருந்து போனில் அம்மா சௌக்கியமா என்பதற்கு முன்னால் வண்டி சௌக்கியமா என்று கேட்க ஆரம்பித்தான்.

ஜூன் மாதம் வண்டிக்குள் அழுகின முட்டை நாற்றம் வந்தது. மதலேன் பின்னால் திரும்பிப் பார்த்தாள். அன்னக்கிளி கூடையை மடியில் இறுக்கிக்கொண்டு, "என்ன ஏன் பாக்குறீங்க? இது ஏங் கூட நாத்தமில்ல மதாம், ஒங்க வண்டி நாத்தம்" என்றாள். பிறகு வேகம் குறைந்தது. அறுபதில் போனது நாற்பதுக்கு வந்து, நாற்பது முப்பதுக்கு வந்து, கழுதை தேய்ந்து கட்டெறும்பான கதையாயிற்று. மதலேன் யாரிடமும் சொல்லாமல் மெதுவாகவே ஓட்டினாள். வயதாகிவிட்டது, அதனால் நிதானம் என்று ஊர் நினைத்துக்கொண்டது. அதை அவள் திருத்தவில்லை.

குட்டு கோரிமேட்டில் உடைந்தது. அன்னக்கிளியின் மகள் ஆதிலட்சுமிக்கு வலி கண்டுவிட்டது. பின்சீட்டில் அவளை ஏற்றிக்கொண்டு மேட்டு ஆஸ்பத்திரிக்குக் கிளம்பினார்கள். தட்டாஞ்சாவடி தாண்டி ஏற்றம் ஆரம்பித்ததுமே வண்டி முனகியது. முதல் கியர் போட்டாள். சைக்கிளில் கீரைக்கட்டு வைத்திருந்த ஒருவன் இறங்கித் தள்ளிக்கொண்டே வண்டியைத் தாண்டிப் போனான். மதலேன், "அலே! அலே!" என்று கத்திப் பார்த்தாள். பாதி மேட்டில் எஞ்சின் இருமி நின்றேவிட்டது. அன்னக்கிளி இறங்கி ஓடி ஓர் ஆட்டோவை மறித்தாள். மகளைத் தாங்கி அதில் ஏற்றிவிட்டு, "பரவால்ல மதாம், நாங்க இதுல போயிக்கிறோம்" என்றாள். நல்ல மனதோடுதான் சொன்னாள். ஆனால் அந்தச் சொல் மதலேனை நெஞ்சில் அறைந்தது. ஆட்டோ கண்மறைகிற வரைக்கும் சாலையோரத்தில் நின்றாள். அன்றைக்கு ஆதிலட்சுமிக்கு நல்லபடியாகப் பெண் பிறந்தது என்பது வேறு விஷயம்.

மேட்டின் அடியில், தட்டாஞ்சாவடியில், சைலன்சர் வேலை செய்கிற வெற்றிச்செல்வன் பட்டறை இருந்தது. சாலையில் போனவர்கள் வண்டியை அங்கே உருட்டிக்கொண்டு வந்து விட்டார்கள். அவன் அடியில் படுத்து ஸ்பேனரால் டப்பாவைத் தட்டினான். உள்ளே ஏதோ கலகலவென்று உருண்டது.

"கன்வெர்ட்டர் போச்சி மதாம். உள்ள தேனட மாதிரி இருக்கும், அது பொடிஞ்சி வழிய அடச்சிக்கிச்சி. பொக வெளிய போவ முடியல, வண்டி எப்பிடி இழுக்கும்?"

"புதுசு போடு தம்பி."

"கம்பெனிய மூடி எத்தினியோ வருஷம் ஆவுது. ஒரிஜினலுக்கு எங்க போறது? வெட்டி எடுத்துட்டு வெறும் பைப்ப சேத்துர்றேன். பாதிப் பேரு அதான் செய்றாங்க. வண்டி சும்மா பறக்கும்."

"பொக?"

"பொக வரத்தான் செய்யும்."

மதலேனுக்கு ஜூஸ்தின் பக்கத்து வீட்டுக்காரரைக் குனிய வைத்தது ஞாபகம் வந்தது. "அவர் பேச்ச வெட்டிப் போட்டுட்டு நான் வண்டி ஓட்டணுமா? முடியாது" என்றாள்.

"அப்பன்னா மெட்ராஸ் புதுப்பேட்டைல வேற கம்பெனி கன்வெர்ட்டர் கெடைக்கும். எந்த வண்டிக்கும் அளவு பாத்து வச்சிக்கலாம்."

"எந்த வண்டிக்குமா? சிங்க வண்டிக்கு எவனோ செஞ்ச சாமானா? எம் புள்ள பிரான்சுல இருக்கான். அசலே வரும்."

பிரெஞ்சு வண்டிக்குப் பிரான்சிலிருந்து சாமான் வந்தால் சரியாகிவிடும் என்று நம்பியது மதலேனின் தப்பு மட்டும் அல்ல. பிரான்சுத் தலைவலி மாத்திரைதான் கேட்கும், பிரான்சு நூல்தான் அறுந்துபோகாது என்று நினைக்கிற வீடுகள் அந்த ஊரில் நிறைய. வெற்றிச்செல்வன் அளவு எழுதித் தருகிறேன் என்றான். சிங்கத்துக்குச் சிங்கம் பொருந்தாதா என்று கேட்டுவிட்டு வந்துவிட்டாள். சனிக்கிழமை போனில் பிள்ளையிடம் சாமான் பெயரைச் சொல்லி, "வண்டிக்கு ஒண்ணுமில்ல, ஒரு உதிரி இருக்கட்டுமேன்னுதான்" என்றாள். ஆலேன் பெயரை இன்னொரு தரம் கேட்டு எழுதிக்கொண்டு, சரி என்றான்.

ஆகஸ்ட்டில் அவன் மட்டும் வந்தான். பெட்டியைத் திறந்தான். வழக்கமாக வருகிற பாலாடைக்கட்டி இல்லை, சாக்லெட் இல்லை. குளிர்கோட்டில் குழந்தை மாதிரிச் சுற்றிய இரும்பு டப்பா ஒன்று படுத்திருந்தது. மதராஸ் ஏர்போர்ட்டில் கஸ்டம்ஸ்காரர்கள் அதைச் சுற்றி நின்றுகொண்டார்களாம். "குண்டா சார்?" "இல்ல சார், எங்கம்மா வண்டி சைலன்சர்." "பிரான்சுலேர்ந்து செண்டு கொண்டாருவாங்க, நீங்க சைலன்சர் கொண்டாறீங்களா?" அதைச் சொல்லிச் சொல்லிச் சிரித்தான். மதலேனும் கண்ணில் நீர் வரச் சிரித்தாள்.

மறுநாள் பட்டறையில் அந்தச் சிரிப்பு நின்றுபோனது. வெற்றிச்செல்வன் டப்பாவை வைத்துப் பார்த்தான், திருப்பி வைத்துப் பார்த்தான். குழாய் வாய் பெரிது. போல்ட் துளைகள் வேறு இடத்தில் இருந்தன. நீளம் வேறு ஒரு சாண் அதிகம். "பேரு ஒண்ணுதான் மதாம், வயிறு வேற. நம்ம ஊருல செஞ்ச வண்டிக்கு நம்ம ஊரு அளவு" என்றான்.

ஆலேன் கையைத் துடைத்துக்கொண்டு மெதுவாகச் சொன்னான். "அப்ப வண்டி நின்னுபோச்சி மம்மா."

"நிக்கலடா. மூச்சு வாங்குது."

"கோரிமேட்டுல நின்னுதுன்னு அன்னக்கிளி அக்கா சொன்னாங்க. பப்பா மேல சத்தியம் வச்சிருக்க."

 மதலேனுக்குப் பிள்ளைமேல் கோபம் வந்தது. அதைவிட அதிகமாகத் தன் வாய்மேல் வந்தது. மறுநாள் ரிக்‌ஷாவில் உப்பளம் போய்க் கல்லறையோரம் உட்கார்ந்து, "எவனோ செஞ்ச சாமான்தான், ஆனாப் பொகயச் சுத்தம் பண்ணும். கோச்சிக்காதீங்க" என்று ஜூஸ்தினிடம் சொல்லிவிட்டு, அப்படியே பட்டறைக்குப் போனாள். "தம்பி, அந்தப் புதுப்பேட்ட சாமானையே வாங்கிடு" என்றாள். கொடாக்கண்டனாக இருந்தவள் இறங்கி வந்ததைப் பார்த்து வெற்றிச்செல்வனுக்கே சங்கடமாக இருந்தது. நான் அப்பவே சொன்னேனே என்று அவன் சொல்லவில்லை.

பழைய டப்பாவை அறுத்து எடுத்தான். கொட்டியபோது உள்ளே பொடிந்து கிடந்தவை கறுத்த ஓட்டுத்துண்டுகள் மாதிரி விழுந்தன. புதியதை நடுவில் வைத்து இரண்டு பக்கமும் குழாய் சேர்த்து வெல்டிங் வைத்தான். சாவியைத் திருப்பினால் வண்டி உடனே பிடித்துக்கொண்டது. ஆனால் சத்தம் மாறிவிட்டது. பழைய மெல்லிய முனகல் போய், அடித்தொண்டையிலிருந்து ஒரு உறுமல் வந்தது. குப்பத்துக்குள் நுழைந்தபோது, பத்து வருஷமாக வாலாட்டிய நாய்களே யாரோ அன்னியர் என்று குரைத்துக்கொண்டு ஓடிவந்தன. மதலேன் ஜன்னல் வழியே தலையை நீட்டி, "நான்தான்" என்று அவற்றிடம் சொன்னாள். பிரான்சிலிருந்து வந்த டப்பாவை அன்னக்கிளி கேட்டு வாங்கிப்போய்க் கருவாட்டுத் தார்ப்பாய் காற்றில் பறக்காமல் இருக்க மேலே வைத்துக்கொண்டாள். "பிரான்சுக்காரன் எங்கூட்டுக் கருவாட்டுக்குக் காவல்" என்று எல்லோரிடமும் சொல்லிக்கொண்டு திரிந்தாள்.

ஊருக்குத் திரும்புமுன் கடைசி ஞாயிற்றுக்கிழமை. ஆலேன் சொன்னான், "பூசைக்கு இன்னும் நேரம் இருக்குது. வண்டிய எடு. கோரிமேடு ஏறிடுச்சின்னா நீ இங்கயே இரு, இனிமே நான் கேக்கமாட்டேன். ஏறலன்னா ஒனக்கும் சேத்து டிக்கெட் போடுறேன். சரியா?"

"சரி" என்றாள். வேறு என்ன சொல்வாள்?

மதலேன் கேட்டைப் பூட்டிவிட்டுத் திரும்பினாள். ஆலேன் வண்டியின் வலப்பக்கக் கதவைத் திறந்து வைத்துக்கொண்டு உள்ளே பார்த்துக்கொண்டிருந்தான். எப்போதும் பிள்ளைகளோடு பின்சீட்டில் ஏறுகிறவன், இன்றைக்குத் தனி ஆளாக, பிரான்சு ஞாபகத்தில், பக்கத்து சீட் என்று நினைத்து அங்கே போயிருக்கிறான். ஸ்டியரிங்கைப் பார்த்தான். "தியேன்!" என்றான். தலையைச் சொறிந்தான்.

மதலேன் கேட்டைப் பிடித்துக்கொண்டாள். அதே முதுகு, அதே சொறிதல். சிரிப்பு வந்தது, சிரிப்போடு அழுகையும் வந்தது. இரண்டையும் முந்தானையில் துடைத்துக்கொண்டு, "பரவால்ல, தெறந்துட்ட இல்ல? நீயே ஓட்டு" என்றாள்.

"நானா? இந்தப் பக்கம் ஓட்டுனதே இல்ல மம்மா."

"நானும் ஐம்பத்து நாலு வயசு வரைக்கும் எந்தப் பக்கமும் ஓட்டுனதில்ல. தலகாணிய எடுத்துப் பின்னால போடு."

அவள் சுற்றிக்கொண்டு வந்து இடப்பக்கக் கதவைத் திறந்தாள். ஐந்து வருஷமாக யாரும் உட்காராத சீட். ஒரு நிமிஷம் தயங்கிவிட்டு உட்கார்ந்தாள். காலை வைத்த இடத்தில், கால்மிதியில், அந்தக் குழி இருந்தது. அவள் கால் அதில் இறங்கிக்கொண்டது. ஒரு நாளும் இந்தப் பக்கத்திலிருந்து அவள் சாலையைப் பார்த்ததில்லை. எல்லாமே நம்மேல் ஏறிவிடுகிற மாதிரி வருகின்றன, பாவம் அந்த மனுஷன் எப்படிப் பயந்திருப்பார் என்று அப்போதுதான் தெரிந்தது. ஆலேன் வலப்பக்கம் ஒதுங்கினான். "அ கோஷ்! அ கோஷ்! இடப்பக்கம் போடா!" என்று கத்தினாள். முத்தியால்பேட்டை தாண்டுவதற்குள் அந்தக் குழியை எத்தனை தரம் அழுத்தினாள் என்று கணக்கில்லை.

தட்டாஞ்சாவடியில் வெற்றிச்செல்வன் பட்டறை பூட்டிக் கிடந்தது. ஏற்றம் தொடங்கியது. வண்டி உறுமிக்கொண்டு ஏறியது. அன்றைக்கு நின்ற அதே இடம் வந்தபோது லேசாகத் தயங்கியது. ஆலேன் இடக்கையால் கியர் மாற்றிப் பழகாததால் மூன்றிலேயே வைத்திருந்தான். வண்டி உதறியது. மதலேனுக்கு நாலாவது மாடி ஜன்னல் கண்முன் வந்துபோயிற்று. தன்னை அறியாமல் டாஷ்போர்டைத் தட்டி, "அலே! அலே! அலே!" என்று கத்தினாள். ஆலேன் திரும்பி அவளைப் பார்த்தான். பிறகு இரண்டாவது கியரைத் தள்ளிக் காலை அழுத்தினான். வண்டி ஒரு தம் பிடித்து, மேடெல்லாம் கேட்கிற மாதிரிச் சத்தம் போட்டுக்கொண்டு ஏறிவிட்டது.

உச்சியில் ஒரு வேப்பமரத்தடியில் ஓரம் கட்டி நிறுத்தினான். பின்னால் திரும்பிப் பார்த்தாள் மதலேன். சாலையில் கறுப்புப் புகை இல்லை. ஆலேன் எஞ்சினை அணைத்தான்.

"பாதி மேட்டுல காலு எடுத்துர்லாமான்னு நெனச்சேன் மம்மா. எடுத்திருந்தா நின்னுருக்கும். நீ என்கூட வந்திருப்ப."

"ஏன் எடுக்கல?"

"பப்பா மாதிரிக் கத்துனியே." அவன் ஸ்டியரிங்கையே பார்த்துக்கொண்டிருந்தான். "அந்த டப்பாவ அங்க வாங்குறப்பவும் இப்பிடித்தான். வாங்காம வந்துட்டுக் கெடைக்கலன்னு சொல்லிடலாம்னு நெனச்சேன். முடியல."

மதலேன் அவன் கன்னத்தைத் தொட்டாள். நாற்பதை நெருங்குகிற பிள்ளையின் கன்னம் ஈரமாக இருந்தது. "எறங்கு. பூசைக்கு நேரமாச்சி, நான் ஓட்டுறேன்" என்றாள்.

ஆலேன் இறங்கிச் சுற்றி வந்து, பழக்கத்தில் பின்கதவைத் திறந்தான். மதலேன் தலையணையை முதுகுக்குக் கொடுத்துக்கொண்டே முன்சீட்டைத் தட்டிக் காட்டினாள். அவன் அவளைப் பார்த்தான், சீட்டைப் பார்த்தான், வந்து உட்கார்ந்தான். இறக்கத்தில் வண்டி சுகமாகப் போயிற்று. தட்டாஞ்சாவடி திருப்பத்தில் ஒரு சைக்கிள் குறுக்கே புகுந்தபோது ஆலேனின் கால் தானாக நீண்டு அந்தக் குழியை அழுத்தியது. மதலேன் அதைப் பார்த்தாள், பார்க்காத மாதிரி ஹாரன் அடித்தாள்.